பத்து வருட ஆட்சி

பேர்ச் ரெத்தினம் என்றால்தான் திருகோணமலையில் தெரியும்.
கதிர்காமத்தம்பி அழகரெத்தினம் என்பது
உறுதிகளில் மட்டும்.
அவருக்குச் சங்கிலி பிடித்தவன் நான்.
நில அளவையாளர் ஒரு கண்ணை மூடும்போது
மறுமுனையில் கோலோடு நின்றவன்.

சாம்பல்தீவில் சைக்கிளில் தொடங்கினார்.
கரியரில் ஒரு ஃபைல், பொலித்தீன் சுற்றியது.
கடல் வந்துபோன பிறகு கரையை யாரும் வாங்கவில்லை.
சண்டை முடிந்த பிறகு
கரையைத் தவிர வேறெதையும் யாரும் கேட்கவில்லை.
இடையில் ஐந்து வருடம் பொறுத்திருந்தார்.
அவ்வளவுதான் அவருடைய கெட்டித்தனம்.

நிலாவெளி ரோட்டுத் தென்னங்காணிகள்
பத்துப் பேர்ச், பன்னிரண்டு பேர்ச் ஆகின.
ரொறன்ரோவில் ஒருவர் வீடியோவில் பார்த்தே வாங்கினார்.
நான் போனைத் தூக்கிக்கொண்டு வேலியோரம் நடந்தேன்.
"கிணற்றைக் காட்டு தம்பி, கிணற்றைக் காட்டு."
கிணறு பக்கத்துக் காணியில் இருந்தது.
காட்டினேன்.

அலஸ்தோட்டத்துக் காணி மட்டும் விலைப்படவில்லை.
ஒரே நிலத்துக்கு இரண்டு உறுதி,
இரண்டிலும் ஒரே நொத்தாரிசின் கையெழுத்து,
மனுசன் செத்துப் பன்னிரண்டு வருடம்.
வழக்கு நடந்தது. எல்லைக்கற்கள் நட்டபடியே.
சும்மா கிடந்தால் மற்றப் பகுதி வேலி போடும்,
பெடியள் விளையாடட்டும் என்றார்.
ஊர் அதைத் தர்மம் என்றது. மாலை போட்டது.
கற்களைப் பிடுங்கச் சொன்னார், பிடுங்கினேன்,
பதினாலாம் இலக்கம் தவிர.

கொட்டியாரம் லெவனிடம் அப்போது
ஜேர்சிக் கடையில் கடன், மத்தியஸ்தரைத் தள்ளியதில் தடை,
பந்து இரண்டு, ஒன்றில் காற்று நிற்காது.
கடனோடு வாங்கினார்.
"மேற்படி அணியும் அதன் சகல உரித்துகளும்"
என்று ஒப்பந்தம் எழுதினார்.
வேறு மாதிரி எழுத அவருக்கு வராது.

முதல் மேட்ச் நாலு - பூச்சியம்.
இடைவேளையில் வந்து நின்றார்:
"எல்லையை விட்டால் வந்தவன் குடியிருப்பான்.
இடப்பக்கம் முழுக்க அத்துமீறல்.
யாரடா அங்கே ஆட்சியில்?"
கந்தளாய் லக்சித கையை உயர்த்தினான்.
"நான்தான் ஐயா."

பிளாஸ்டிக் கதிரையில் இருந்தபடி விலை போடுவார்.
நடுவட்டம் பத்துப் பேர்ச், ஒரு வீட்டுக்குக் காணும்.
பெனால்டிப் பெட்டி இருபத்தாறு, ரோட்டு முகப்பு.
மொத்தம் இருநூற்றெண்பத்திரண்டு.
கணக்குச் சரி. நான் அளந்தது.
மூன்றாம் சீசனில், மூதூரோடு, கடைசி நிமிடம்
டெரன்ஸ் அடித்த பந்து கம்பத்தில் பட்டு உள்ளே விழ
கதிரை பின்னால் சாய்ந்தது.
இவர் எழும்பி நின்றார், வாய் திறந்தபடி,
காணியே விற்காத ஒரு மனிதனின் முகம்.
ஒரு தரம்தான் பார்த்தேன்.

மாரியில் மண் கரைந்து பதினாலாம் கல் தலை காட்டியது.
டெரன்ஸின் முழங்கால் அதைக் கண்டுபிடித்தது.
ஒப்பரேஷன் கொழும்பில், செலவு அவர்.
கல்லை யார் மறந்தது என்று அவர் கேட்கவில்லை.
கேட்டிருக்கலாம்.

இந்த வைகாசியில் வழக்கு வென்றது.
பேர்ச் ஒன்பது லட்சத்துக்கு ஆள் நிற்கிறது.
சங்கிலிக்கு வேலையில்லை, மூன்று காலில் மெஷின் வந்துவிட்டது.
ஆனாலும் என்னைத்தான் கூப்பிட்டார்.
ஒரு கையில் சிவப்புத் துணி கட்டிய முளைகள்,
மறு கையில், பழக்கத்தில், சுண்ணாம்பு வாளி.
கோல் வாசலில் இரண்டு மான்கள் படுத்து அசைபோட்டன.

கிண்ணியா இர்பாத், கோலி, கையுறையைக் கழற்றாமல் வந்தான்.
"பத்து வருசம் தடையில்லாம ஆண்டா அவனுக்கே சொந்தம்,
நீங்கதானே சொல்லுவீங்க முதலாளி.
அப்ப இந்த எட்டு யார் எனக்கு."
பெடியள் சிரித்தார்கள்.
அவர் சிரிக்கவில்லை. யோசித்தார்.
"தடையில்லாமலா? மூதூர்க்காரன் எத்தனை தரம் உள்ளே வந்தவன்?"

பிறகு கோட்டோரம் நடந்தார், கோட்டை மிதிக்காமல்.
வலையில் ஒரு கிழிசலுக்குள் விரலை விட்டுப் பார்த்தார்.
புது வலை என்ன விலை என்று கேட்டார். சொன்னேன்.
கொள்ளை என்றார்.
"இருட்டிப்போச்சு. நாளைக்கு அளப்பம்."

இது நாலாவது நாளைக்கு.